ஸவ்தா என்னும் சொல்லும் ஹாலித் பெஷ்லிச் என்னும் பாடகரும்

அரபு இலக்கணத்தில் நிறங்களைக் குறிக்கும் சொற்கள் ஆண்பாலில் 'அஃப்அல்' என்னும் வாய்பாட்டிலும் பெண்பாலில் 'ஃபஃலா' என்னும் வாய்பாட்டிலும் அமையும் என்பதை முதலாண்டு மாணவரும் அறிவர். 'அஸ்வத்' கரியவன், 'ஸவ்தா' கரியவள். இந்த ஸவ்தா பண்டைய மருத்துவ நூல்களில் ஒரு தனிப்பொருளைப் பெற்றது. மனித உடலை இரத்தம், கபம், மஞ்சள் பித்தம், கறுப்புப் பித்தம் ஆகிய நான்கு நீர்மங்கள் ஆள்கின்றன என்று கருதிய மருத்துவர்கள் நான்காவதை ஸவ்தா என்று அழைத்தனர். அது மிகுமாயின் மனிதன் காரணமின்றித் துயருறுவான், தனிமை நாடுவான், உறக்கம் இழப்பான். இப்னு ஸீனா தமது 'அல்கானூன்' நூலில் காதலையே இத்தகைய நோய்களின் வரிசையில் வைத்து ஆராய்ந்தார். நோயாளியின் நாடியைப் பிடித்துக்கொண்டு பெயர்களை ஒவ்வொன்றாகச் சொல்லிவர வேண்டும். எந்தப் பெயரைக் கேட்டதும் நாடி தடுமாறுகிறதோ அப்பெயருக்கு உரியவரே நோய்க்குக் காரணம் என்று அவர் ஒரு வழியும் சொல்லிவைத்தார்.

மருத்துவரின் கையிலிருந்த இச்சொல் துருக்கியரிடம் சென்று 'செவ்தா' ஆயிற்று. நோய்ப்பொருள் தேய்ந்து காதற்பொருள் மிகுந்தது. காதலின் கொடுமையை இன்னும் அழுத்திச் சொல்ல விரும்பிய துருக்கியர், தம் மொழியில் கறுப்பைக் குறிக்கும் 'கரா'வை அதன்முன் சேர்த்துக் 'கராசெவ்தா' என்றனர். கறுப்பின்மேல் கறுப்பு! அரபு தெரிந்தவர் செவிக்கு இது நடுச்சென்டர் என்பது போன்ற கூறியது கூறலாகப் படலாம். மொழிகள் அதற்கெல்லாம் கவலைப்படுவதில்லை. 1463-இல் உதுமானியர் போஸ்னியாவைக் கைப்பற்றிய பின்னர், நூற்றாண்டுகளின் போக்கில் அச்சொல் பால்கன் மலைகளையும் கடந்தது. அங்கே 'செவ்தா' ஓர் உணர்வின் பெயராகவும், அவ்வுணர்வைப் பாடும் நகர்ப்புறக் காதற்பாடல் 'செவ்தாலின்கா' என்றும் வழங்கலாயிற்று. அரபு மருத்துவரின் கறுப்புப் பித்தம் ஐரோப்பிய முஸ்லிம் ஒருவரின் முற்றத்தில் பாட்டாக மலர்ந்த வரலாறு இதுவாகும்.

இந்தச் சொல்லின் வழியாகத்தான் நாம் ஹாலித் பெஷ்லிச் என்னும் பாடகரிடம் வந்து சேர்ந்தோம். 2025 அக்டோபர் 7-ஆம் நாள், தமது 71-ஆம் வயதில், அவர் சரயேவோவில் காலமானார். அன்னார் செவ்தாலின்காவின் செவ்வியல் கலைஞராக மதிக்கப்பட்டவர் அல்லர். மதுவிடுதியிலும் திருமண விருந்திலும் ஒலிநாடாக் கடையிலும் பெயர் வளர்த்தவர். 'புதிதாக இயற்றப்பட்ட நாட்டார் இசை' என்று யூகோஸ்லாவிய நாட்டில் சற்று இளக்காரத்துடனேயே அழைக்கப்பட்ட வகையைச் சேர்ந்தவர். இத்தகைய ஒருவரைப் பற்றி இவ்விதழில் எழுதுவதா என்று சில அன்பர்கள் புருவம் உயர்த்தக்கூடும். இசை ஆகுமா ஆகாதா என்னும் ஃபிக்ஹு விவாதம் ஈண்டு நம் பொருளன்று. நம் வினா வேறு. ஒரு சமூகத்தின் மெய்யான பண்பாட்டை அறிஞர் சான்றளித்த கலையில் தேடுவதா, அன்றி அறிஞர் முகம் சுளித்த கலையிலும் தேடுவதா? பெஷ்லிச்சின் வாழ்க்கை இவ்வினாவுக்கு எளிதில் தட்டிக்கழிக்கவியலாத ஒரு விடையைத் தருகிறது.

அவர் 1953 நவம்பர் 20-இல் கிழக்கு போஸ்னியாவின் சோக்கோலட்ஸ் நகருக்கு அண்மையிலுள்ள க்னெஜினா என்னும் ஊரில் பிறந்தார். அது ரொமானியா மலைத்தொடரை அடுத்த பகுதி. (பெயர் ஒத்திருப்பினும் ருமேனியா நாட்டுக்கும் இம்மலைக்கும் தொடர்பில்லை.) படிப்பும் கட்டாய இராணுவச் சேவையும் முடித்துச் சரயேவோவுக்கு வந்த இளைஞர், 'ஸியா திஸ்தாரெவிச்' என்னும் பெயர் தாங்கிய கலை மன்றம் ஒன்றில் சேர்ந்து பாடினார். ஸியா திஸ்தாரெவிச் போஸ்னிய முஸ்லிம் சிறுகதை ஆசிரியர். 1942-இல் யாசெனொவாட்ஸ் வதைமுகாமில் கொல்லப்பட்டவர். மலைக்கிராமத்துப் பிள்ளைகள் நகரத்துக்கு வந்து, கொல்லப்பட்ட எழுத்தாளர் பெயரிலமைந்த மன்றத்தில் ஆடவும் பாடவும் பழகிய காலம் அது.

1979-இல் முதல் இசைத்தட்டு வெளிவந்தது. 1984-இல் வந்த 'தியமந்தி' என்னும் தொகுப்பு, அதாவது 'வைரங்கள்', அவரை யூகோஸ்லாவியா முழுவதும் அறிமுகப்படுத்தியது. அதில் வைரம் வேண்டாம் என்று பாடும் ஒரு பாடல் பட்டிதொட்டியெங்கும் ஒலித்தது. அதை இயற்றியவர் நஸீஃப் க்லிவா. அவ்வாண்டு பிப்ரவரியில்தான் சரயேவோவில் குளிர்கால ஒலிம்பிக் போட்டிகள் நடைபெற்றன. உலகம் தம் நகரைப் பார்த்த ஆண்டில் நகரின் கீழ்த்தட்டு மக்கள் பாடிக்கொண்டிருந்தது இவரது பாட்டைத்தான். மறு ஆண்டே அடுத்த தொகுப்பு. அதற்கும் அதே வரவேற்பு.

இங்கே நாம் சற்று நிற்க வேண்டும். பெஷ்லிச் போன்றோரைக் குறைத்து மதிப்பிட்டவர்கள் எதனோடு ஒப்பிட்டுக் குறைத்தார்கள்? தூய செவ்தாலின்காவோடு ஒப்பிட்டார்கள். அந்தத் தூய்மையின் வரலாறு என்ன? பழைய பாடகர் 'ஸாஸ்' என்னும் நீண்ட கழுத்துடைய தந்திக்கருவியை மீட்டித் தனியே பாடினார். தாளக்கட்டு இறுகாது. மூச்சு செல்லும் வழியெல்லாம் சொல் நீளும். ஒரே உயிரெழுத்து பல சுரங்களில் அலையும். ஹிஜாஸ் மகாமின் சாயல் பல பாடல்களில் உண்டு. 1878-இல் ஆஸ்திரிய-ஹங்கேரி ஆட்சி போஸ்னியாவுக்குள் நுழைந்தபோது அதனுடன் அக்கார்டியனும் நுழைந்தது. துருத்தி பொருத்திய, சுரக்கட்டைகள் கொண்ட அக்கருவியில் ஸாஸின் நுண்சுரங்களை வாசிக்க இயலாது. ஆயினும் அதுவே செவ்தாலின்காவின் முதன்மைப் பக்கவாத்தியமாயிற்று. செக் நாட்டு லுட்விக் கூபா 1893-இல் அங்கு பாடல்களைத் திரட்டினார். 1945-இல் சரயேவோ வானொலி தொடங்கியது. ஸஈம் இமாமொவிச் அதன் தொடக்கக் காலத்திலிருந்தே பாடினார். எந்தப் பாடல் ஒலிபரப்பத் தக்கது, எந்தச் சொல் திருத்தத் தக்கது, எத்தனை நிமிடத்துக்குள் முடிய வேண்டும், எந்த வாத்தியக்குழு உடன்வர வேண்டும் என்றெல்லாம் நிலையத்தார் முடிவு செய்தனர். இன்று நாம் 'மரபு' என்று கேட்டு உருகும் செவ்தாலின்காவில் பெரும்பகுதி அந்த ஒலிப்பதிவு அறையில் உருப்பெற்றதே. இதைச் சொல்வதால் ஸஈம் இமாமொவிச்சையோ ஸஃபெத் இஸொவிச்சையோ நாம் குறைத்தவராக மாட்டோம். ஸஃபெத்தின் குரல் ஏறும் உயரம் வேறு யாருக்கும் வாய்த்ததில்லை என்பதே நம் துணிபு. மோஸ்தாரில் பிறந்த ஹிம்ஸோ பொலொவினாவையும் இங்கு நினைவுகூர்தல் தகும். அவர் தொழிலால் நரம்பு-மனநோய் மருத்துவர். பகலில் ஸவ்தா நோயாளிகளைப் பார்த்துவிட்டு மாலையில் செவ்தா பாடிய அப்பெருமகனாரை எண்ணுந்தோறும், இப்னு ஸீனா கண்டிருந்தால் புன்னகைத்திருப்பார் என்றே நமக்குத் தோன்றுகிறது. நாம் சொல்ல வருவது இவ்வளவே: தூய்மை என்பதும் ஒருகாலத்தில் புதிதாக இயற்றப்பட்டதுதான்.

யூகோஸ்லாவியாவில் இப்புதிய இசை பரவியதற்குக் காரணங்கள் வெளிப்படை. போருக்குப் பிந்தைய தொழில்மயத்தில் கிராமங்கள் நகரங்களை நோக்கி நகர்ந்தன. 1968-இல் மேற்கு ஜெர்மனியுடன் தொழிலாளர் ஒப்பந்தம் ஏற்பட்டது. இலட்சக்கணக்கானோர் அந்நாட்டுத் தொழிற்சாலைகளுக்குச் சென்றனர். கிராமத்தை இழந்து நகரத்தையும் முழுமையாகப் பெறாத இம்மனிதர்களுக்கு நகர்ப்புற மேலோரின் செவ்தாலின்கா அந்நியம். மேற்கத்திய ராக் இசையோ அதனினும் அந்நியம். அவர்களுக்கென்று எழுந்ததே இவ்விசை. படித்தவர்கள் அதை வெறுத்தனர். செர்பியாவில் 1970களின் தொடக்கத்தில் 'ஷுண்ட்', அதாவது மட்டரகம் என்று தீர்ப்பளிக்கப்பட்ட வெளியீடுகளுக்குத் தனி வரியே விதிக்கப்பட்டது. எது மட்டரகம் என்று தீர்ப்பளிக்க ஒரு குழுவும் அமர்ந்தது! கலையை வரி போட்டுத் திருத்திய அரசு எதுவும் வரலாற்றில் இல்லை, இதுவும் திருத்தவில்லை. விற்பனை வளர்ந்தது.

கலைநோக்கில் பழையதும் புதியதும் வேறுபடும் இடம் எது? கருவியா, மின்சாரமா, தாளமா என்றால், இவையெல்லாம் மேற்பரப்பே. மெய்யான வேறுபாடு பல்லவியில் உள்ளது. செவ்தாலின்கா பெரும்பாலும் ஒரு சிறு கதை. ஒரு சன்னல், ஒரு முற்றம், ஒரு தாய், ஒரு மறுப்பு. கதை முன்னேறிச் செல்லும், திரும்பி வராது. கேட்பவர் கேட்டுக்கொண்டிருப்பார். அது ஸமாஃ, செவியின் கலை. பெஷ்லிச்சின் பாடலிலோ கதை மெலிந்து, திரும்பத் திரும்ப வரும் பல்லவி தடித்துவிட்டது. இரண்டாம் முறை வரும்போது மேசையிலிருந்தோர் சேர்ந்துகொள்வர். மூன்றாம் முறை பாடகர் வாயை மூடிக்கொண்டாலும் பாட்டு நிற்காது. கேட்கும் கலை கூடிப்பாடும் கலையாக மாறிற்று. இதில் இழப்பு உண்டு. தனி உள்ளத்தின் நுண்மைகள், ஒரே சொல்லில் தங்கித் திளைக்கும் பொறுமை, சொல்லாமல் விட்ட சொல்லின் கனம் ஆகியன போயின. ஆதாயமும் உண்டு. அதைப் பின்னர்க் காண்போம்.

அவரது குரலைப் பற்றிச் சில சொல்ல வேண்டும். அது வித்துவக் குரலன்று. ஸஃபெத்தைப் போல் அவர் உச்சத்தில் நின்று வியப்பூட்டுவதில்லை. அடித்தொண்டையில் ஒரு கரகரப்பும் மேலே ஒரு வெதுவெதுப்பும் உள்ள நடுத்தரக் குரல். சொல்லின் இறுதியில் ஒரு சிறு நெளிவு வைப்பார். அது ஸாஸ் பாடகர்களின் நீண்ட அலைச்சலின் எச்சம் என்று நாம் கொள்கிறோம். அழும் இடத்தில் அழுதுகாட்ட மாட்டார். இவ்வகை இசையில் இந்த அடக்கம் அரிது. இவருடைய சமகாலத்தவர் பலர் துயரத்தைக் கூவி விற்றபோது, இவர் அதை அக்கம்பக்கத்தாரிடம் பேசுவதுபோல் சொன்னார். அவரது புகழின் நீண்ட ஆயுளுக்கு இதுவே முதற்காரணம் எனலாம்.

குறைகளை மறைப்பது திறனாய்வு ஆகாது. இவர் பாடிய பல பாடல்களின் சொற்கள் மிக எளிய வார்ப்புகள். பிரிவு, கண்ணீர், இரவு, விடியல் என்று ஒரு சில படிமங்களே மாறிமாறி வருகின்றன. நாற்பது ஆண்டுக்காலப் பாடல்களை அடுத்தடுத்துக் கேட்டால் முகங்கள் ஒன்றையொன்று ஒத்திருப்பதை உணரலாம். குடியின் புகழும் அதில் கலந்திருக்கிறது. அது நமக்கு உவப்பானதன்று. அவர்கள் 'கஃபானா' என்று அழைக்கும் விடுதியின் பெயர் நம் 'கஹ்வா'விலிருந்து போனதே. ஆனால் அங்கு பரிமாறப்படுவது பெரும்பாலும் காப்பியன்று. பழைய அரபியில் கஹ்வா என்பதே மதுவின் பெயர்களுள் ஒன்றாக இருந்து, பின்னரே காப்பியைக் குறித்தது என்பதை அகராதி பார்ப்போர் அறிவர். பால்கனில் அச்சொல் தன் பழைய பொருளுக்கே திரும்பிப் போய்விட்டது போலும்! 'மெராக்' என்றொரு சொல்லும் இவர் பாடல்களில் வரும். மனநிறைந்த இன்பம் என்று பொருள். அரபியில் 'மராக்' என்பது வயிற்றின் அடிப்பகுதி. அங்கிருந்து எழுவதாகக் கருதப்பட்ட மனச்சோர்வு நோய்க்கு அதுவே பெயராயிற்று. போஸ்னியர் ஒரு நோயின் பெயரைக் காதலுக்கும் இன்னொரு நோயின் பெயரை இன்பத்துக்கும் வைத்துக்கொண்டனர். இம்மக்களின் உள்ளப்பாங்கை அறிய நூறு நூல்களைவிட இவ்விரு சொற்கள் போதும்.

இனிப் பெயர்களைப் பற்றி. இத்துறையின் முதற்பெரும் நட்சத்திரங்களுள் ஒருவர் தொபோய் நகரத்து முஸ்லிம் குடும்பத்தில் பிறந்த ஸில்ஹா பைரக்தாரெவிச். இத்தாலிய நடிகை ஒருவரின் பெயரைத் தழுவி ஸில்வானா அர்மெனுலிச் என்று மேடையேறிய அவர் 1976-இல் சாலை விபத்தில் மறைந்தார். அவருக்குப் பின் 1980களில் பால்கன் முழுவதையும் ஆட்கொண்டவர் லெபா ப்ரேனா. 1960-இல் துஸ்லாவில் பிறந்த அவரது இயற்பெயர் ஃபஹ்ரெதா யாஹிச். 'லெபா' என்றால் அழகி. அதுவும் போஸ்னிய உச்சரிப்பான 'லியெபா' அன்று, செர்பிய உச்சரிப்பு. 1982-இல் முதல் தொகுப்பு, தொடர்ந்து திரைப்படங்கள், ருமேனியாவிலும் பல்கேரியாவிலும் விளையாட்டரங்குகளை நிறைத்த நிகழ்ச்சிகள் என்று அவர் எழுந்த வேகம் அப்பகுதி அதுவரை காணாதது. மேடைப்பெயர் பூணுவது வணிக வழக்கம். அதில் சமயத்தைக் கைவிட்ட குற்றத்தைத் தேடுவது சிறுமை. ஆயினும் எந்தப் பெயர் சந்தையில் எளிதாக விற்கும் என்ற கணக்கு ஒன்று அங்கே இருந்தது என்பதை மறுக்கவியலாது.

ஹாலித் ஹாலிதாகவே இருந்தார். இதில் அவர் தனியருமல்லர். ஹன்கா பல்தூம் இருந்தார், ஸஃபெத்தும் ஹிம்ஸோவும் இருந்தனர். 1984-இல் ஒருவர் தம் பெயரை வைத்திருந்ததில் பெரிய வீரம் ஏதும் இல்லை. பெயரின் எடை 1992-இல் மாறியது. சோதனைச் சாவடியில் அடையாள அட்டையிலுள்ள பெயரைப் படித்துவிட்டு யார் உயிரோடு செல்லலாம் என்று முடிவுசெய்த காலம் வந்தது. இப்னு ஸீனா நாடி பார்க்கச் சொன்ன பெயர்களை இவர்கள் வேறு விதமாகச் சோதித்தார்கள்.

சரயேவோ 1992 ஏப்ரல் முதல் 1996 பிப்ரவரி வரை, 1,425 நாள்கள் முற்றுகையில் கிடந்தது. பதினோராயிரத்துக்கும் மேற்பட்டோர் மாண்டனர். 1992 மே 17-இல் கீழ்த்திசை ஆய்வு நிறுவனம் எரிகுண்டுகளால் தாக்கப்பட்டு, அரபு, பாரசீகம், துருக்கி, போஸ்னிய மொழிகளிலிருந்த 5,263 கையெழுத்துச் சுவடிகளைக் கொண்ட அதன் திரட்டு ஏறக்குறைய முற்றிலும் சாம்பலானது. அரபுக் கல்லூரியில் சுவடியோடு வாழும் நமக்கு இவ்வெண்ணை எழுதும்போது கை நிற்கிறது. ஆகஸ்டில் மில்யாட்ஸ்கா ஆற்றங்கரையிலிருந்த தேசிய நூலகம் எரிந்தது. பெஷ்லிச்சின் முதல் இசைத்தட்டுகளின் காலத்தில் சரயேவோவில் கொடிகட்டிப் பறந்த 'டிஸ்கோடோன்' நிறுவனமும் அதன் மூல ஒலிநாடாக்களும் போரில் அழிந்தன. ஏட்டிலிருந்த அறிவும் நாடாவிலிருந்த பாட்டும் ஒரே தீயில் போயின. ஏட்டுக்குப் படி இல்லை. பாட்டுக்கோ ஒவ்வொரு வீட்டிலும் ஒரு படி இருந்தது. ஒலிநாடாவில் இல்லாவிடினும் வாயில் இருந்தது.

போர் ஆண்டுகளில் அவர் ஐரோப்பிய நாடுகளெங்கும் சென்று போஸ்னியர்க்காக நூற்றுக்கணக்கான உதவி நிதிக் கச்சேரிகளை நடத்தினார். ஜெர்மனியிலும் ஆஸ்திரியாவிலும் சுவீடனிலும் அகதிகள் நிறைந்த காலம் அது. போஸ்னியாவிலுள்ள தாயிடம் திரும்புகிறேன் என்னும் தலைப்பில் அவர் போருக்கு முன்பே பாடிய பாடல் ஒன்றுண்டு. அது முதலில் விடுமுறைக்கு ஊர் திரும்பும் தொழிலாளியின் பாட்டு. இப்போது அதே சொற்களை, திரும்புவதற்கு ஊரே இல்லாதவர்கள் பாடினார்கள். சொல் ஒன்றும் மாறவில்லை, பொருள் தலைகீழாயிற்று. எளிய வார்ப்பு என்று மேலே நாம் குறைகூறியதற்கு ஒரு மறுப்பு இதில் அடங்கியிருப்பதை நாணத்துடன் ஒப்புக்கொள்கிறோம். நுணுக்கமாகச் செதுக்கப்பட்ட கவிதை ஒரு நிலைமைக்கே பொருந்தியிருக்கும். அகலமான எளிய சொல்லுக்குள் பேரிழப்பு ஒன்றும் நுழைய இடம் இருந்தது.

இவ்விடத்தில் மிகையுரை ஒன்றைத் தவிர்க்க வேண்டும். பாட்டு மக்களை இணைத்தது என்று எழுதுவது எளிது. அப்படியாயின் 1980களில் ஒரே மேசையில் ஹாலிதின் பல்லவியைச் சேர்ந்து பாடியவர்களில் சிலர் சில ஆண்டுகளில் மலையிலிருந்து அந்த நகரத்தின்மீதே பீரங்கி சுட்டது எவ்வாறு? இமாம் கஸ்ஸாலி (ரஹ்) அவர்கள் இஹ்யாவில் ஸமாஃ பற்றிய பகுதியில் எடுத்தாளும் முன்னோர் கருத்தொன்று இங்குத் துணைநிற்கிறது: பாட்டு உள்ளத்தில் இல்லாததைக் கொண்டுவந்து வைப்பதில்லை, அங்கே இருப்பதை அசைத்துவிடுகிறது, அவ்வளவே. அன்பு இருந்தவரிடம் அன்பு அசைந்தது. பிறவற்றை அசைக்க வேறு பாட்டுகள் இருந்தன; அவையும் அக்காலத்தில் தாராளமாக ஒலித்தன. 1990களில் செர்பியாவில் 'டர்போ-ஃபோக்' என்னும் பெயரில் இதே குடும்பத்து இசை பணத்தோடும் துப்பாக்கியோடும் கைகோத்துக்கொண்டு திரிந்ததை யாவரும் அறிவர். ஆகவே இசைவகை எதையும் காப்பாற்றுவதில்லை. பாடகர் எதைப் பாட மறுத்தார் என்பதும் கணக்கில் வர வேண்டும். பெஷ்லிச் தம் மக்களின் துயரத்தைப் பாடினார். அயலாரின் வெறுப்பைத் தூண்டுவதைத் தமது தொழிலாக்கிக்கொள்ளவில்லை. அதனால்தான் போர் முடிந்தபின் அவர் திரும்பிச் செல்ல வழிகள் திறந்திருந்தன.

டேட்டன் உடன்படிக்கைக்குப் பின் அவர் பிறந்த ஊர் போஸ்னிய செர்பியக் குடியரசின் எல்லைக்குள் சென்றுவிட்டது. அங்கிருந்த ஸலீமிய்யா பள்ளிவாசல் போர்க்காலத்தில் தகர்க்கப்பட்டுப் பின்னர் மீண்டும் எழுப்பப்பட்டது. ரொமானியா மலையோ போரின்போது செர்பியப் படைகளின் அரணாகவே செய்திகளில் அடிபட்ட பெயர். 2013-இல் பெஷ்லிச் தம் தொகுப்புக்கு 'ரொமானியா' என்று பெயரிட்டார். உரிமைக்குரலாக அன்று, பிறந்த மலையைப் பற்றிய பாட்டாக. இதை அரசியல் அறிக்கையாகப் படிக்க விரும்புவோர் படிக்கலாம். செவ்தாலின்காவின் பழக்கம் ஒன்றே நமக்கு இதில் தென்படுகிறது. அம்மரபின் பாடல்களில் ஊரும் மஹல்லாவும் ஆறும் பெயரோடு வரும். பெயரில்லாத இடத்தில் காதல் நிகழாது. கதையை இழந்த புதிய பாட்டு இந்த ஒன்றை மட்டும் விடாமல் பற்றிக்கொண்டிருந்தது. சரயேவோவின் நடுவே ஓடும் மில்யாட்ஸ்கா ஆற்றின் பெயரையே தலைப்பாகக் கொண்ட காதற்பாடல்தான் 2000களுக்குப் பின் அவரை மூன்றாம் தலைமுறையிடம் கொண்டு சேர்த்தது. போருக்குப் பின் பிறந்த பிள்ளைகள், ஒன்றாக இருந்த நாட்டைக் கண்ணால் காணாதவர்கள், குரோஷியாவிலும் செர்பியாவிலும் ஸ்லொவேனியாவிலும் அதை மனப்பாடமாகப் பாடினர். 2009 மார்ச்சில் நேர்ந்த கார் விபத்தில் அவர் ஒரு கண்ணை இழந்தார், பின்னரும் மேடையேறினார். சாக்ரெபின் பெரிய அரங்குகள் அவருக்காக நிறைந்தன.

இதற்கிடையில் செவ்தாலின்காவுக்கும் ஒரு மறுமலர்ச்சி வாய்த்தது. ஸஈம் இமாமொவிச்சின் பேரர் தமிர் இமாமொவிச் போன்ற இளைஞர்கள் அக்கார்டியனை விலக்கித் தந்திக்கருவிக்குத் திரும்பி, மேலைநாட்டு அரங்குகளில் அப்பாடல்களைப் புதிதாகப் பாடினர். அவர்களின் நேர்த்தி பெரிது. 2024 டிசம்பரில் யுனெஸ்கோ நிறுவனம் செவ்தாலின்காவை மனிதகுலத்தின் அருவப் பண்பாட்டுச் செல்வங்களின் பட்டியலில் சேர்த்தது. சான்றிதழ் நல்லதே. ஆனால் பட்டியலில் இடம்பெறும் கலைக்குப் பொதுவாக நேர்வது ஒன்றுண்டு: மக்கள் அதைப் போற்றத் தொடங்குவார்கள், பாடுவதை நிறுத்திவிடுவார்கள். செவ்தா என்னும் அக்கறுப்பு, வாய்வழியாக, தெருவில், பிழையோடும் சுருதி பிசகியும் உயிர்வாழ்ந்தது அறிஞர் ஒதுக்கிய கஃபானாவில்தான் என்று நாம் சொன்னால், தூய்மைவாதிகள் நம்மை மன்னிக்க வேண்டும்.

பத்து மாதங்கள் கழித்து பெஷ்லிச் இறந்தார். அவர் பெயர் அரபியில் 'காலித்'; நிலைத்திருப்பவர் என்று பொருள். அன்று சரயேவோவின் தெருக்களில் ஆயிரக்கணக்கானோர் கூடி 'மில்யாட்ஸ்கா'வைப் பாடினர். ஏற்பாடு செய்தவர் எவருமில்லை, பக்கவாத்தியமில்லை, பாடகருமில்லை. பல்லவி மட்டும் இருந்தது. முற்றுகை தொடங்கிய நாளில் முதல் உயிர்கள் பறிபோன பாலம் அந்த ஆற்றின்மேல்தான் நிற்கிறது. எரிந்த நூலகம் 2014-இல் மீண்டும் திறக்கப்பட்டு அதே கரையில் நிற்கிறது. அதே நாள்களில் சாக்ரெபிலும் பெல்கிரேடிலும் மக்கள் கூடினர். தம் ஊரில் வேறு ஆறுகள் ஓட, சரயேவோ ஆற்றின் பெயரையே அவர்களும் பாடினார்கள்.